குனிந்தவள் கை

லியோகாதியோ டொமித்திலாவுக்குக் கொடுக்க வேண்டியிருந்தது நூற்று நாற்பது டாலர். கொடுக்க மாட்டேன் என்றான்.

லியோகாதியோ லாரிக்காரன். டெக்சாஸ் எல்லைப்பக்கத்து எங்கள் தெருக்களில் வருஷாவருஷம் ஆள் பிடித்து, தார்ப்பாய் போட்ட லாரியில் ஆடுமாடு மாதிரி அடைத்து, மிச்சிகன் வெள்ளரிக்காட்டில் கொண்டுபோய் இறக்குவான். டொமித்திலா பிறந்ததே அப்படி ஒரு காட்டோரக் கொட்டகையில்தான். நடக்கத் தெரிந்ததும் குனியத் தெரிந்தவள். பிஞ்சுக்குத்தான் விலை அதிகம். இலைக்கு அடியில் ஒளிந்து கிடக்கும் பிஞ்சை, சுணை குத்தக் குத்தத் துழாவி எடுப்பதில் அவளை அடிக்க ஆளே கிடையாது. பள்ளிக்கூடமா? பள்ளிக்கூடம் திறக்கிற மாசத்திலும் கொடி காய்த்துக்கொண்டுதான் இருக்கும். காய் முற்றினால் காசு போச்சு. படிப்பு போனால் யார் கேட்கிறார்கள்?

ஒவ்வொரு கூடைக்கும் கூலியில் கொஞ்சம் பிடித்துவைப்பான் லாரிக்காரன். அதற்குப் பெயர் போனஸாம். கடைசிக் கொடி காயும்வரை நின்றால் கிடைக்கும், பாதியில் போனால் இல்லை. நம் காசை நம்மிடமே பிடுங்கிவைத்து, அதையே பரிசு என்று சொல்கிற நாக்கைப் பழுக்கக் காய்ச்சின கம்பியால்தான் தொட வேண்டும். இன்னொரு அநியாயம், குடும்பத்துக்கு ஒரே கூலிச்சீட்டு. அதில் ஆம்பளை பெயர் மட்டும். பெண்டாட்டி பறித்தாலும் பிள்ளை பறித்தாலும் அது அவன் கணக்கு.

நான் மூன்றாம் வகுப்பைத் தாண்டாதவன். இன்றைக்கு நான்கு லாரி சொந்தமாக ஓடுகிறது, எவனிடமும் கையேந்தி வாங்கினதில்லை. என் லாரியில் ஏறுகிறவள் பெயர் அவள் பெயராகவே சீட்டில் இருக்கும். ஏன் என்று கேட்கிறவர்களுக்கு டொமித்திலாவைத்தான் சொல்வேன்.

அந்த வருஷம் ஆகஸ்டில் அவள் புருஷன் பசிலியோ, கூடை ஏற்றும்போது பலகை வழுக்கி விழுந்து இடுப்பை ஒடித்துக்கொண்டான். அவன் தம்பி வந்து ஊருக்குத் தூக்கிப்போனான். டொமித்திலா போகவில்லை. இரண்டு பெண் பிள்ளைகளோடு கொடி மஞ்சளாகிற வரைக்கும் நின்றாள். கடைசி நாள் கையை நீட்டினாள்.

"சீட்டு யார் பேர்ல இருக்கு, கொமாத்ரே? பசிலியோ பேர்ல. பசிலியோ பாதியில போயிட்டான். சட்டம்னா சட்டம்."

கொமாத்ரேயாம்! அவளுடைய மூத்த மகளுக்கு ஞானத்தகப்பன் அவன். கோவிலில் அந்தக் குழந்தையைக் கையில் ஏந்தி நின்றவன். அந்த உறவுமுறை சொல்லிக் கூப்பிட்டுக்கொண்டேதான் வயிற்றில் அடித்தான்.

"அப்ப நான் யாருய்யா? நானும் உன் ஞானமகளும் பறிச்சது காயா, கல்லா?"

"கோவிக்காத. அடுத்த வருஷம் பாப்போம்."

சரி, பார்ப்போம் என்று வந்துவிட்டாள். அழவில்லை. கிறிஸ்துமஸுக்குத் தெருப் பெண்கள் எல்லாம் கூடி உட்கார்ந்து, சோளமடலில் மாவு தடவித் தமாலே சுற்றுவார்கள். அங்கே வாயைத் திறந்தாள். "உங்க வீட்டுச் சீட்டுல உங்க பேர் இருக்காடி?" என்றாள். மாவு தடவின கைகள் அப்படியே நின்றன. ஒருத்தி பெயரும் எந்தச் சீட்டிலும் இல்லை.

அடுத்த மே மாதம். கோவில் வாசலில் லாரி நிற்கிறது. சாமியார் தீர்த்தம் தெளித்துவிட்டுப் போய்விட்டார். ஆம்பளைகள் ஏறிவிட்டார்கள். பெண்கள் மூட்டைமேல் உட்கார்ந்தே இருக்கிறார்கள்.

"ஏறுங்கம்மா, வெயில் ஏறுது!" என்றான் லியோகாதியோ.

"சீட்டுல பேரில்லாத ஆளு லாரியில ஏறலாமா, சாமி? சட்டம்னா சட்டம்," என்றாள் பக்கத்து வீட்டு எத்தெல்வினா. தெருவே சிரித்தது.

சொன்ன நாளில் போய்ச் சேராவிட்டால் காட்டுக்காரன் வேறு லாரிக்குக் காட்டைக் கொடுத்துவிடுவான். லியோகாதியோ லாரியைப் பார்த்துக் கத்தினான்: "உங்க பொம்பளைங்கள அடக்குங்கய்யா!"

"நாங்க மட்டும் வந்து என்னத்தப் பறிக்க? நீ வேணா குனிஞ்சு பாரு, தொப்பை விட்டா," என்றது உள்ளேயிருந்து ஒரு குரல்.

வழியனுப்ப ஊன்றுகோலோடு வந்திருந்த பசிலியோவிடம் ஓடினான். "கொம்பாத்ரே, நீயாவது சொல்லேன்."

"என்னை ஏன்யா கேக்குற? நான்தான் பாதியில போனவனாச்சே."

லியோகாதியோ பல்லைக் கடித்துக்கொண்டு பேனாவை எடுத்தான். ஒவ்வொருத்தியும் வந்து தன் பெயரைச் சொன்னாள், எழுதினான். போன வருஷத்து நூற்று நாற்பதும் வந்தால்தான் ஏறுவோம் என்றாள் டொமித்திலா. பிறகு பர்ஸைத் திறந்து, நோட்டுக்கட்டைப் பசிலியோ பக்கம் நீட்டினான். பசிலியோ இரண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டான்.

"இங்க," என்றாள் டொமித்திலா.

"இந்தா, வச்சுக்க."

"எண்ணு."

"நம்பிக்கை இல்லையா, கொமாத்ரே?"

"எம் பொண்ண நீ ஏந்தி நின்ன அன்னிக்கு இருந்துச்சு. எண்ணு."

சுணை கீறிக் கீறி மரத்துப்போன உள்ளங்கையை விரித்தாள். லியோகாதியோ தலையைக் குனிந்து, இருபது, நாற்பது, அறுபது என்று ஒவ்வொரு தாளாக வைத்தான். நூற்று இருபதில் அவன் கை தயங்கியது. அவள் கை மடங்கவில்லை. கடைசித் தாளையும் வைத்தான்.