வேலிக்கு அந்தப் பக்கம் வெட்டுக்காயப் பூண்டு

கால்பந்து மைதானத்தின் புல்லைப் பராமரித்தவரை எல்லோரும் 'புல்லு' என்றே கூப்பிட்டார்கள். அதற்கெல்லாம் அவர் கோபித்துக்கொண்டதில்லை. அவர் ரத்தத்தைக் கொதிக்கவைப்பவை இரண்டுதான்: ஒன்று வெட்டுக்காயப் பூண்டு, மற்றொன்று அதை வேண்டுமென்றே வளர்த்த மச்சான்.

நிமிர்ந்து நடப்பவர்களுக்கு அது அழகான பூ. நீண்ட காம்பின் உச்சியில் ஒரு மஞ்சள் பொட்டு, அதைச் சுற்றி நுனியில் மூன்று பல் வெட்டிய வெளிர் இதழ்கள். குனிந்தே காலம் தள்ளிய புல்லுவுக்கு அது பூவே இல்லை, ஒரு பெரும்படை. அந்தப் பொட்டுக்குள் குட்டிப் பூக்கள் நெருக்கியடித்து நிற்கும். ஒவ்வொன்றும் ஒரு விதையாகும், ஒவ்வொரு விதைக்கும் காற்றில் பறக்க ஒரு குஞ்சம் முளைக்கும். இது சூரியகாந்தியின் குடும்பம் என்று யாரோ சொன்னபோது, "எந்தக் குடும்பத்துலதான் ஒரு தறுதலை இல்ல?" என்றார். அப்போது அவர் கண் மச்சானின் கடைப்பக்கம் போனது. போதாக்குறைக்கு, ரோமம் அடர்ந்த அதன் தண்டு தரையில் படுத்து ஊர்ந்து, கணுவுக்குக் கணு வேர் விடும். பிடுங்கினால் பாதி கையோடு வரும். மீதி மண்ணுக்குள் இருந்து பல்லைக் காட்டும்.

மச்சான், அதாவது மனைவியின் அண்ணன், கம்பிவேலிக்கு அந்தப் பக்கம் சலூன் வைத்திருந்தார். கடைக்குப் பின்னால் ஒரு துண்டு நிலம், அது நிறைய இந்தப் பூண்டு. சவரத்தில் கன்னம் கீறினால் இரண்டு இலையைப் பறித்துக் கழுவி, கசக்கிச் சாற்றைப் பிழிவார், ரத்தம் நிற்கும். முடி கொட்டுகிறது என்று வருபவர்களுக்கு அதே இலையை எண்ணெயில் காய்ச்சிக் கொடுப்பார்.

"உங்க தோட்டத்து விதைதான் என் புல்லுல வந்து விழுது" என்று புல்லு எத்தனையோ முறை சண்டைக்குப் போனார்.

"காத்தைப் போய்க் கேளுங்க மாப்பிள்ளை" என்பார் மச்சான், கத்தியைத் தீட்டிக்கொண்டே.

ஒருநாள் மைதானச் செயலாளர் ஆட்டக்காரர்கள் முன்னால் புல்லுவை நிற்கவைத்து, "இது என்ன மைதானமா, மூலிகைத் தோட்டமா?" என்று கேட்டார். வேலிக்கு அந்தப் பக்கமிருந்து மச்சானின் குரல் வந்தது: "அடிபட்டா மருந்து காலடியிலேயே கிடக்கே, நல்லதுதானே!" ஆட்டக்காரர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். புல்லுவுக்கு உச்சந்தலை வரை சுட்டது.

மறுநாள் மதியம் மச்சான் கடையைப் பூட்டிவிட்டு வெளியே போனதும், புல்லு தெளிப்பானின் குழாயைக் கம்பிக்கிடையில் நுழைத்துக் களைக்கொல்லியை அடித்தார். ஓர் இலை விடவில்லை. அந்த மருந்து உடனே வேலையைக் காட்டாது. இலை மஞ்சளாகச் சில நாள் பிடிக்கும். அதற்குள் யார் அடித்தது என்று எவனுக்குத் தெரியும்? மனசு குளிர்ந்துபோய்க் கோல் கம்பத்துக்குப் பக்கத்தில் தண்ணீர் பாய்ச்சப் போனார்.

அன்று சாயங்காலம் அவர் மனைவி அண்ணனுக்குச் சாப்பாடு கொண்டுபோனாள். மச்சான் மனைவியை இழந்தவர். இரண்டு ஆண்களுக்கும் அவள்தான் சமைத்தாள். கடையில் உடைந்து கிடந்த கண்ணாடித் துண்டுகளை அவள் பொறுக்கும்போது உள்ளங்கையைக் கிழித்துக்கொண்டாள். அவளுடைய "ஐயோ!" மைதானம் வரை கேட்டது. புல்லு திரும்பிப் பார்த்தபோது மச்சான் கடைக்குப் பின்னால் ஓடி இலை பறித்துக்கொண்டிருந்தார்.

"வைக்காதீங்க! மச்சான், அதை வைக்காதீங்க!" கத்திக்கொண்டே வேலிக்கு ஓடினார்.

"தங்கச்சி கையில ரத்தம் கொட்டுது. இப்பவுமா உங்க வீம்பு?" மச்சான் இலையைக் கசக்கி அவள் கையைப் பிடித்தார்.

"அதுல மருந்தடிச்சிருக்கேன்!"

"என்ன மருந்து?"

"களைக்கொல்லி."

அதற்குள் காயத்தில் சில சொட்டுச் சாறு விழுந்துவிட்டது. மச்சான் இலையை வீசிவிட்டு அவளைக் குழாயடிக்கு இழுத்துக்கொண்டு போனார். வெகுநேரம் கழுவிய பிறகு மருத்துவமனைக்குப் போய்த் தையல் போட்டார்கள். நல்லவேளை, காந்தலோடு போயிற்று.

வெளியே வந்ததும் மச்சான் புல்லுவைப் பிடித்துக்கொண்டார். "நீங்க கத்தலைன்னா நாளைக்கு எத்தனை பேர் மூஞ்சியில இதைப் பிழிஞ்சிருப்பேன், தெரியுமா?"

"நான் செடிக்குத்தான் அடிச்சேன்."

"செடி யார் வேலிக்குள்ள இருந்துச்சு?" இதைக் கேட்டவள் மனைவி. கேட்டுவிட்டு அண்ணனோடு அவர் வீட்டுக்கே நடந்தாள்.

செடிகள் கருகிய பிறகு, கெட்டுப்போன மண்ணை வெட்டி எடுத்துத் தர மண்வெட்டியோடு போனார் புல்லு. மச்சான் ஏறெடுத்துப் பார்க்கவில்லை. "மண்வெட்டியை வச்சுட்டுப் போங்க. உங்க கை வேணாம்." மண்ணைத் தாமே வாரிக் கொட்டினார். கடையில் படிகாரக்கட்டி வந்து உட்கார்ந்தது.

தையல் பிரித்த பிறகு மனைவி வீட்டுக்குத் திரும்பினாள். பேச்சு மட்டும் அளந்துதான் வந்தது.

வேலிக்கு அந்தப் பக்கம் மொட்டையாகிவிட்டது. ஆனால் அடுத்த மழைக்குப் பிறகு மைதானத்தில் பூண்டு முன்னைவிடச் செழித்தது. புல்லு மண்டியிட்டுப் பார்த்தார். வேலியோரம் அது குறைவு. புல்வெட்டும் இயந்திரம் போகும் தடத்தில்தான் வரிசை பிடித்து நின்றது. அதன் கத்தி வெட்டிச் சிதறடித்த தண்டுத் துண்டுகள் விழுந்த இடத்திலெல்லாம் கணுவில் வேர் விட்டிருந்தன. இத்தனை காலமும் அந்த இயந்திரத்தைத் தள்ளிக்கொண்டு போனது அவர் கைகளே.

மனைவியிடம் சொன்னார். அவள் சோறு போட்டுக்கொண்டே, "எங்கிட்ட ஏன் சொல்றீங்க? அங்க போய்ச் சொல்லுங்க" என்றாள்.

போனார். மச்சான் ஒருவருக்குச் சவரம் செய்துகொண்டிருந்தார். வாசலில் நின்றபடி புல்லு எல்லாவற்றையும் சொன்னார். நாற்காலியில் இருந்தவர் நுரை முகத்தோடு இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். மச்சானின் கத்தி ஒரு நொடிகூட நிற்கவில்லை.

"சரி" என்றார், திரும்பாமலே. "கதவைச் சாத்திட்டுப் போங்க. தூசி வருது."