சவிரிமுத்து அண்ணையின் வரவுப் பாட்டு

மெட்ரோ கதவு மூடியதும் நடைமேடையில் நிற்பவர்களின் குரல் அறுந்து, வாய் மட்டும் அசைந்துகொண்டிருக்கும். மொன்றியலில் இதைத் தினமும் பார்த்தும் எனக்கு இன்னும் பழகவில்லை.

மன்னாரில் எனக்குப் பத்து வயதிருக்கும்போது, பங்குச் சுவாமியார் கையால் சுற்றும் மெஷின் ஒன்றைக் கொண்டுவந்து, ஞாயிறு பூசை முடிந்ததும் மண்டபத்து யன்னல்களைப் பாயால் அடைத்து, "ஊமைப்படம்" காட்டினார். பழைய உரோமைப் பேரரசைக் கேலி செய்த படம்: முகமெல்லாம் மாப்பூசிய சக்கரவர்த்தி தேரிலிருந்து விழுவார், எழுந்து கம்பீரமாக ஆணையிடுவார், மறுபடி விழுவார். நடுநடுவே வரும் ஆங்கில வரிகளைத் தமிழில் சொல்லும் வேலை, "இங்கிலிஸ் பள்ளிக்கூடத்தில்" படித்த எனக்குக் கிடைத்தது. ஒரு வரி விளங்கவில்லை. இருட்டில் எல்லோரும் காத்திருந்தார்கள். அதைச் சொல்ல வெட்கப்பட்டு, "இந்த ராசா வேற ஆருமில்லை, எங்கட சவிரிமுத்து அண்ணைதான்!" என்று கத்தினேன்.

மண்டபம் அதிர்ந்தது. "எட சவிரி, பாத்து விழு!" என்றார் ஒருவர். பின்வரிசை வாங்கில் இருந்த சவிரிமுத்து அண்ணையும் சிரித்தார். மீன் காயவைக்கும் வாடியில் வேலை செய்த அவர்தான் கோவில் கூத்தில் வருடாவருடம் ராசா. மேடைக்கு வரும் அரசன் தன்னை அறிவிக்கும் வரவுப் பாட்டை அவர் எடுத்தால் கைக்குழந்தைகளும் அடங்கும்.

அந்த வருடம் அவர் கிரீடத்தோடு வந்து நின்றதும், "விழப்போறார், பிடியுங்கோ!" என்று ஒரு குரல் எழுந்தது. சனம் சிரித்தது. அவர் வாயைத் திறந்தார். முதல் அடியிலிருந்து கடைசி அடிவரை உதடுகள் அசைந்தன, குரல் வரவில்லை. திரையிலிருந்த அந்த வெள்ளை முகம் இறங்கி வந்து என்னைத் தேடுவதுபோல் இருந்தது. சிரிப்பு மெல்ல நின்றுபோயிற்று. அதன்பின் அவர் மேடை ஏறவில்லை. நான் மன்னிப்புக் கேட்கவுமில்லை.

இரண்டாயிரம் பிறந்து சில ஆண்டுகளில், அவர் இங்கேயே, மொன்றியலின் லாசால் பகுதியில், மகளோடு இருப்பதாக அறிந்தேன். போகிறேன், போகிறேன் என்று மூன்று குளிர்காலங்களைத் தள்ளினேன். கடைசியில் போனது செத்தவீட்டுக்கு. "உங்கட அப்பா வரவுப் பாட்டெடுத்தா ஊரே அடங்கும், பிள்ளை" என்றேன் மகளிடம்.

"அப்பாவோ? அவர் பாடி நாங்கள் ஒருநாளும் கேட்டதில்லை, அங்கிள். பூசையிலகூட வாயை மட்டும்தான் அசைப்பார்." பிறகு, "ஏன் விட்டவர்?" என்று கேட்டாள்.

அந்த மண்டபம் இன்று இல்லை. அங்கே சிரித்தவர்களில், எனக்குத் தெரிந்து, மிஞ்சியிருப்பவன் நான் ஒருவன். அவளுக்குப் பதில் சொல்ல வேறு ஆளில்லை. நானோ, "தெரியாது, பிள்ளை" என்றேன்.