உறவு என்ற கட்டம்

வளைந்த ஊசி கறுப்புத் தோலுக்குள் இறங்கி, உள்ளே இருந்த விரலைத் தொட்டதும் மேலே வந்தது. கை நூலை ஒரே அளவில் இழுத்தது. ஓட்டுநர் ஏறி இறங்கும் வலது விளிம்புதான் முதலில் கிழியும். அங்கே மட்டும் இரட்டைத் தையல்.

மலாக்காவை ஒட்டிய பாச்சாங்கில் லாரி சீட் தைக்கும் சவரியப்பனுக்கு ஐம்பத்து நான்கு வயது. சென்ற ஆண்டு நெஞ்சடைப்பு வந்து ஸ்டென்ட் வைத்தார்கள். அதன் பிறகு கேட்ட இடத்திலெல்லாம் புதிய காப்புறுதி தர மறுத்துவிட்டார்கள். இருப்பது ஒரே பாலிசி. அவர் இறந்தால் அந்தப் பணமும் மனைவி பிரிஜிட்டுக்கு வராது; செலண்டாரில் லாரி வைத்திருக்கும் நாகமுத்துவுக்குப் போகும்.

பன்னிரண்டு வருடங்களுக்கு முன் கடை போட நாகமுத்துதான் கைமாற்றாகப் பணம் கொடுத்தார். "உனக்கு ஏதாச்சும் ஆயிட்டா நான் யார்கிட்ட போய்க் கேக்குறது?" என்று சொல்லி, சவரியப்பன் உயிர்மேல் தம் பெயரில் பாலிசி எடுக்க ஓர் ஏஜண்டையும் அழைத்து வந்தார். விண்ணப்பப் பாரத்தில் உறவு என்ற கட்டம் வந்தபோது ஏஜண்ட், "இவரு உங்களுக்கு யாரு அங்கிள்?" என்று கேட்டான்.

தினமும் கூப்பிடுவதையே சவரியப்பன் சொன்னார். "அண்ணன்."

ஏஜண்ட் அப்படியே எழுதி, தம்பியின் ஆதரவில் வாழ்பவர் என்று ஒரு வரியும் சேர்த்தான். கடன் கொடுத்தவர் என்று எழுதினால் பத்திரம் கேட்பார்களாம், பத்திரம் இல்லை. நாகமுத்து சிரித்துக்கொண்டே கையெழுத்துப் போட்டார். சவரியப்பனும் போட்டார்.

போன வருடம் கடன் தீர்ந்தது. பாலிசி திரும்பவில்லை.

பிரிஜிட் மலாக்காவிலுள்ள காப்புறுதி அலுவலகத்துக்குப் போய் விசாரித்தாள். அங்கிருந்த திலகா என்ற பெண் பொறுமையாகச் சொன்னார்: "கடன் குடுத்தவருக்குக் கடன் இருக்கிற வரைக்கும்தான் உரிமை, அக்கா. ஆனா இதுல அண்ணன்னு இருக்கு. பொய்யின்னு நீங்க எழுதிக் குடுத்தா பாலிசியே செல்லாமப் போயிடலாம். அவரா மாத்திக் குடுத்தாத்தான் உண்டு."

உரிமை மாற்றும் பாரத்தோடு அவள் திரும்பி வந்தாள்.

இன்று நாகமுத்து தம் லாரி சீட்டை எடுக்க வந்ததும், பிரிஜிட் அந்தப் பாரத்தைச் சீட்டின்மேல் வைத்தாள்.

"கையெழுத்துப் போட்டுட்டு சீட்ட எடுத்துக்குங்கண்ணே."

"பிரீமியம் கட்டுனது நான், தங்கச்சி. இத்தன வருஷம் கட்டிட்டு, தூக்கிக் குடுத்துட்டு விரல் சூப்பவா?"

"அப்ப இவரு செத்தாத்தான் உங்களுக்கு லாபம்."

"வாயக் கழுவு. மருந்து சாப்டியான்னு மாசாமாசம் போன் போட்டுக் கேக்குறேன் லா. கூடப் பொறந்தவன் கேப்பானா?"

"இவருக்குக் கூடப் பொறந்தவங்களே இல்ல."

நாகமுத்து சவரியப்பன் பக்கம் திரும்பினார். "கேஸ் போடுறதுனா போடு தம்பி. அண்ணன்னு சொன்னது உன் வாய். கையெழுத்தும் போட்டிருக்க."

அண்ணன் இல்லை என்று சொன்னால் பாலிசியே போகும்; சொல்லாவிட்டால் பணம் நாகமுத்துவுக்குப் போகும். வாசலில் லாரி நின்றது. ஓட்டுநர் ஒரு பழப்பெட்டியைக் கவிழ்த்துப் போட்டு அதன்மேல் உட்கார்ந்து செலண்டாரிலிருந்து ஓட்டி வந்திருந்தான். அதே பெட்டியில் அவனைத் திருப்பி அனுப்ப சவரியப்பனுக்கு மனம் வரவில்லை.

கையெழுத்து விழாத பாரத்தை எடுத்து மனைவியிடம் கொடுத்தார். நீட்டிக்கொண்டிருந்த நூலை வெட்டினார். சீட்டைத் தூக்கக் குனிந்தார்.

"நீ தூக்காத, நெஞ்சு!" என்று பதறி, நாகமுத்து மறுமுனையைப் பிடித்துக்கொண்டார். இருவருமாக லாரி வரை சுமந்தார்கள். ஓட்டுநர் மேலிருந்து கை நீட்டினான். சவரியப்பன் தம் முனையை அவனிடம் கொடுத்தார்.