மூணு கொம்பன் போட்ட சத்தம்

இதைப் படித்துவிட்டு "நல்லா ரீல் விடுறீங்க" என்று சொல்லப் போகிறவர்கள் இப்போதே பக்கத்தைத் திருப்பிவிடலாம். எனக்கு வருத்தமே இல்லை. நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன். அன்று என்னோடு இரண்டு பேர் இருந்தார்கள். அதில் ஒருவர் இன்றும் என் வீட்டிலிருந்து நாலு தெரு தள்ளித்தான் இருக்கிறார். கூப்பிட்டுக் கேட்டால் அழுதுகொண்டே சொல்வார்.

அன்றைக்கு நான் பயந்தேன். ஆனால் இப்போது நினைத்தால் பயம் வருவதில்லை. கோபம்தான் வருகிறது. பல்லைக் கடித்துக்கொண்டுதான் இதை எழுதுகிறேன்.

நான் வீடியோ கேம் மெஷின் மெக்கானிக். பெண் மெக்கானிக் என்றதும் என் தோளுக்குப் பின்னால் எட்டிப் பார்த்து "ஆள் எங்கம்மா?" என்று கேட்பவர்கள் உண்டு. "நான்தான் ஆள்" என்று சொல்லிச் சொல்லி வாய் வலித்துவிட்டது. நான் வேலைக்குச் சேர்ந்த கேம் ஹால் முதலாளியும் அப்படி ஒருவர்தான். சம்பளம் குறைத்துப் பேசிவிட்டு, பெரிய மனதோடு வேலை கொடுப்பதுபோல் கொடுத்தார்.

ஒரு கடை வளாகத்தின் அடித்தளத்தில் இருந்தது அந்த கேம் ஹால். ஜன்னலே கிடையாது. விளக்கை அணைத்தால் பட்டப்பகலிலும் நம் கை நமக்குத் தெரியாது. சுவரோரம் வரிசையாக மெஷின்கள். வாசல் பக்கம் ஒரு கவுன்ட்டர். அதில் டோக்கன் விற்கும் அக்கா. அவர் தலைக்கு மேலே மெயின் ஸ்விட்ச். பழைய காலத்து இரும்புப் பெட்டி, பக்கத்தில் நீளமான கைப்பிடி. மேலே தூக்கினால் ஹால் முழுக்க உயிர் வரும். கீழே இறக்கினால் எல்லாம் போய்விடும். அதை இறக்க அக்காவுக்கு இரண்டு கையும் வேண்டும். அவ்வளவு இறுக்கம்.

நான் சேர்ந்து மூன்றாவது வாரம். முதலாளி பின்னறையிலிருந்து ஒரு மெஷினைத் தள்ளிக்கொண்டு வந்தார். மேலே தார்ப்பாய் போட்டு, கயிறு கட்டியிருந்தது.

"பழைய கேமுக்குத்தான் இப்ப மவுசு. இதை ஓட வெச்சுடு. நாளைக்குக் கூட்டம் வரும்."

தார்ப்பாயை எடுத்தேன். டைனோசர் சண்டை. இரண்டு பேர் பக்கத்தில் பக்கத்தில் நின்று ஆடுவது. பல்லன், நீளக் கழுத்தன், மூணு கொம்பன் என்று ஆளுக்கு ஒரு டைனோசரைப் பிடித்து, ஒன்றை ஒன்று கடித்தும் முட்டியும் சாகடிக்க வேண்டும். படம் பழசு, ஆனால் அழகு.

நான் திரும்பிப் பார்த்தபோது டோக்கன் அக்கா எழுந்து நின்றிருந்தார். முகத்தில் ரத்தமே இல்லை.

"இதை ஏங்க வெளிய எடுத்தீங்க?" என்று முதலாளியைக் கேட்டார்.

"உன் வேலையைப் பாரு."

அவ்வளவுதான். அக்கா உட்கார்ந்துவிட்டார். எனக்கு அது அப்போது விளங்கவில்லை.

மறுநாள் காலை எட்டரைக்கே வந்துவிட்டேன். ஹால் திறப்பது பத்து மணிக்கு. மெஷினின் பின்கதவைக் கழற்றினேன். முதலில் கண்ணில் பட்டதே எர்த் ஒயர்தான். பாதியில் வெட்டித் தொங்கியது. இன்னொன்றும் பார்த்தேன். இரண்டாவது ஆள் ஆடும் பக்கத்துப் பட்டன்களுக்குப் போகிற ஒயர் அத்தனையும் பிய்ந்து கிடந்தது. கழற்றியதுபோல் இல்லை. யாரோ கொத்தாகப் பிடித்து இழுத்ததுபோல் இருந்தது.

முதலாளிக்கு போன் போட்டேன்.

"எர்த் இல்லாம இதை ஓட விட முடியாதுங்க. ஷாக் அடிக்கும்."

"எர்த்தாவது கிர்த்தாவது! இத்தனை வருஷம் ஓடின மெஷின். நீ வந்ததும்தான் அதுக்கு எர்த் கேக்குதா? படத்தை மட்டும் சரி பண்ணு. பத்து மணிக்கு வரேன்."

போனை வைத்துவிட்டார். எனக்குக் காது சூடாகிவிட்டது. அப்போதே பையைத் தூக்கிக்கொண்டு போயிருக்க வேண்டும். வீட்டில் அம்மாவுக்கு மருந்து வாங்க வேண்டியிருந்தது. இருந்தேன்.

படம் ஒரு பக்கம் சாய்ந்திருந்தது. அதைச் சரி செய்யும் திருகு உள்ளே, பின்பக்கம் இருக்கும். மெஷின் ஓடும்போதுதான் திருக முடியும். திருகும்போது படத்தையும் பார்க்க வேண்டும். அதற்காக மெக்கானிக்குகள் எதிரே ஒரு கண்ணாடியை நிறுத்திவைப்போம். நானும் வைத்தேன். பின்னால் உட்கார்ந்தேன். கண்ணாடியில் திரை தெரிந்தது.

ஒற்றை ஆள் ஆட்டம் போட்டுவிட்டுத்தான் வந்திருந்தேன். ஆனால் திரையில் இரண்டாவது ஆளும் சேர்ந்திருந்தான்.

மூணு கொம்பன்.

பட்டன் ஒயர் எல்லாம் என் மூக்குக்கு முன்னால் பிய்ந்து தொங்குகிறது. அப்புறம் எப்படி?

சரி, போர்டில் கோளாறு என்று நினைத்தேன். கம்ப்யூட்டர் ஆடும் பல்லன் போய் அதைக் கடித்தது. மூணு கொம்பன் திருப்பி அடிக்கவில்லை. சண்டைக்கே வரவில்லை. பல்லனுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு திரையின் ஓரத்தில் முட்டியது. திரும்பத் திரும்ப முட்டியது. வெளியே வரப் பார்ப்பதுபோல்...

திருப்புளியோடு கையை உள்ளே விட்டேன்.

மெஷினிலிருந்து ஒரு கத்தல்.

டொக்.

இருட்டு.

"யாருக்கா மெயினை இறக்கினது?" என்று கத்தினேன். அப்போதுதான் அக்கா உள்ளே வந்திருந்தார். அவர் குரல் வாசல் பக்கத்திலிருந்து வந்தது.

"நான் தொடலைம்மா."

கைப்பிடியைத் தூக்கினார். வெளிச்சம் வந்தது. மறுபடி கையை உள்ளே விட்டேன். மறுபடி அந்தக் கத்தல். டொக். இருட்டு.

எனக்கு வந்த கோபத்தில் எழுந்து நேராகக் கவுன்ட்டருக்கே போனேன். "என்னக்கா விளையாட்டு இது? எனக்கு நேரமாகுது!"

அக்கா டார்ச் வெளிச்சத்தில் கைப்பிடியைக் காட்டினார். அவர் நின்ற இடத்துக்கும் அதற்கும் நடுவில் முழுக் கவுன்ட்டர் இருந்தது.

"தானா இறங்குதும்மா. நான் பார்த்தேன். கையை விடாதே. தயவு பண்ணி அதுக்குள்ள கையை விடாதே."

பத்து மணிக்கு முதலாளி வந்தார். ஹால் இருட்டாக இருப்பதைப் பார்த்ததும் குதித்தார்.

"ரெண்டு பேரும் சேர்ந்து ஏமாத்துறீங்களா? வாசல்ல ஆளுங்க நிக்கிறாங்க!"

நான் சொன்னேன். கைப்பிடி தானாக இறங்குகிறது என்றேன். அவர் சிரித்தார். ஆனால் அந்தச் சிரிப்பு பாதியிலேயே நின்றது. விறுவிறுவென்று போய்க் கைப்பிடியைத் தூக்கினார். விடாமல் பிடித்துக்கொண்டார்.

"நான் பிடிச்சிருக்கேன். எப்படி இறங்குதுன்னு பார்க்கலாம். நீ போய் உள்ள கையை விடு."

"நீங்க வந்து விடுங்க. நான் அங்க நின்னு பிடிச்சுக்கிறேன்."

அவர் அசையவில்லை.

"வாங்களேன். எர்த்தாவது கிர்த்தாவதுன்னீங்களே. வந்து தொட்டுக் காட்டுங்க!"

அவர் என்னைப் பார்க்கவில்லை. மெஷினைப் பார்த்தார். அந்த முகத்தைப் பார்த்ததும் எனக்கு ஒன்று புரிந்தது. இந்த ஆளுக்கு எல்லாம் தெரியும். தெரிந்துதான் என்னை உள்ளே கையை விடச் சொல்கிறான்.

அப்போது அது கத்த ஆரம்பித்தது.

யாரும் அதைத் தொடவில்லை. நான் பத்தடி தள்ளி நின்றிருந்தேன். இந்தத் தடவை சத்தம் நிற்கவில்லை. மூணு கொம்பன் திரையின் கண்ணாடியில் முட்டிக்கொண்டே கத்தியது. முதலில் விலங்கின் உறுமல்போல இருந்தது. போகப் போக மெலிந்தது... உடைந்தது...

அது மனிதத் தொண்டை.

அக்கா காதைப் பொத்திக்கொண்டு உட்கார்ந்துவிட்டார்.

கைப்பிடி இறங்க ஆரம்பித்தது.

மெதுவாக.

முதலாளி அதை மேலே தள்ளினார். ஒரு கை போதவில்லை. இரண்டு கையும் கொடுத்தார். கழுத்து நரம்பு புடைத்தது. செருப்பு தரையில் வழுக்கியது.

கைப்பிடி இறங்கிக்கொண்டே இருந்தது.

"விடுடா..." என்றார்.

யாரிடம்?

"விடு... விடுடா..."

டொக்.

எல்லாம் அணைந்தது. அந்த ஒரு திரை மட்டும் அணையவில்லை.

மின்சாரமே இல்லாத ஹாலில் அது எரிந்தது. மூணு கொம்பன் முட்டுவதை நிறுத்திவிட்டு, தலையைத் தூக்கி நேராக நின்றது.

அப்புறம் அதுவும் போனது.

எப்படி வெளியே வந்தேன் என்று தெரியாது. அக்காவின் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு படியேறினேன். மேலே நல்ல வெயில். பேருந்து நிறுத்தத்தில் உட்கார்ந்தோம்.

"யாரைக்கா 'விடுடா'ன்னார்?"

அக்கா சொன்னார். எனக்கு முன்னால் அங்கே ஒரு மெக்கானிக் இருந்திருக்கிறார். சின்ன வயதுதான். முந்தைய வருஷம் ஒரு விடுமுறை நாள், ஹால் நிரம்பி வழிகிறது. படம் சாய்ந்திருக்கிறது என்று முதலாளி அவரை அந்த மெஷினுக்குப் பின்னால் உட்காரவைத்தாராம். எர்த் வேண்டும் என்று அவரும் கேட்டாராம்.

"கை ஒட்டிக்கிச்சும்மா. அவன் கத்தினான். நாங்க எல்லாரும் டைனோசர் கத்துதுன்னு நினைச்சோம். அப்பத்தான் ஒருத்தர் கவுன்ட்டருக்கு வந்து, ரெண்டாவது ஆள் பட்டன் திடீர்னு வேலை செய்யலைன்னார். போய்ப் பார்த்தேன். ஒயரைப் பிடிச்சு இழுத்திருக்கான். யாராவது வந்து பார்க்கட்டும்னு..."

"நீங்க மெயினை இறக்கலையா?"

"ஓடினேன். கைப்பிடியைப் பிடிச்சுட்டேன். முதலாளி என் கையைப் பிடிச்சுட்டார். எல்லா மெஷின்லயும் ஆட்டம் நடக்குது, இரு, அவனே கையை எடுத்துடுவான், இருன்னார்."

"நீங்க?"

"இருந்தேன்."

எனக்கு அக்காவை அறையலாம் போல இருந்தது. பிறகு அந்த அழுகையைப் பார்த்தேன். கையைக் கீழே போட்டேன். ஆனால் அன்றைக்கே அவரை மின்துறை அலுவலகத்துக்கு இழுத்துக்கொண்டு போனேன். புகார் கொடுத்தோம். அங்கிருந்து காவல் நிலையம். அதிகாரிகள் வந்து ஹாலுக்கு சீல் வைத்தார்கள். முதலாளி ஊரில் இல்லை. சில நாள் கழித்துப் பிடித்தார்கள். வழக்கு இன்னும் நடக்கிறது. வாய்தா வாய்தா என்று நடக்கிறது. ஒவ்வொரு வாய்தாவுக்கும் நான் போய் முன்வரிசையில் உட்காருகிறேன். அவர் என்னைப் பார்க்க வேண்டும்.

கைப்பிடி எப்படி இறங்கியது, திரை எப்படி எரிந்தது என்று எந்த அதிகாரியாலும் சொல்ல முடியவில்லை. நான் விளக்கம் கேட்கவும் இல்லை.

அக்கா வாக்குமூலம் கொடுத்த நாளில் நானும் அங்கே இருந்தேன். எழுதிக்கொண்டிருந்த அதிகாரி சாதாரணமாகத்தான் கேட்டார், "உடலை எப்ப வெளிய எடுத்தீங்க?"

அக்கா என்னிடம் சொல்லாமல் விட்டதை அப்போதுதான் சொன்னார்.

"ராத்திரிங்க. கடை மூடினதுக்கு அப்புறம். மூச்சு நின்னு போச்சு, இனி அவசரப்பட்டு என்ன ஆகப்போகுதுன்னு சொல்லிட்டார். பின்பக்கம் தார்ப்பாயைத் தொங்கவிட்டு மறைச்சுட்டார்."

அதிகாரி பேனாவை நிறுத்தினார். "அதுவரைக்கும் அந்த மெஷின்?"

"ஓடிக்கிட்டு இருந்துதுங்க. ரெண்டாவது பக்கம்தான் போச்சு, முதல் பக்கம் வேலை செஞ்சுதே. ராத்திரி வரைக்கும் வரிசையில நின்னு ஆடினாங்க."