தெல்வீனாவின் குதிகால்

உருளைக்கிழங்குத் தோல் ஒரே சுருளாக விழவேண்டும். அதற்கு இடக்கால் தரையைத் தட்டிக்கொண்டே இருக்கவேண்டும். தெல்வீனா லாவுவாவுக்கு எந்த வேலையும் அப்படித்தான். மோன்ரியலின் கிழக்குப் பேட்டையில் அவளுக்குக் கீழ்வீட்டில் குடியிருக்கும் ஃபிலோமேன் அம்மாள் விளக்குமாற்றுக் கட்டையால் மச்சை இடிப்பாள். "கேட்டியா, தாளம் தப்பாம இடிக்கிறா. நல்ல ஞானம்!" என்பாள் தெல்வீனா.

எங்கள் மீன்பிடி ஊர்ப் பாட்டே அப்படி: நாற்காலியில் உட்கார்ந்து, குதிகாலால் பலகையை உதைத்துக்கொண்டே பாடுவது. ஆடினால் பாவம் என்பார் பாதிரியார். உட்கார்ந்திருப்பவளை என்ன செய்வார்? சொல் மறந்தால் நாக்கைச் சுழற்றி, 'தம்தெலி தெலிதம்' என்று சமாளித்துவிடுவாள். "காலு நின்னா என் வாயும் நின்னுடும்யா" என்பாள். அவளுக்குப் பிடில் வாசிக்கிற எனக்கு அது தெரியும்.

பட்டுக் கவுன் சீமாட்டிகள் பாரீஸ் பாட்டுப் பாடிக்கொண்டிருந்த வானொலியில், மீன்பிடி ஊர்ப் பேச்சோடு நுழைந்த முதல் பெண் இவள்தான். பேட்டையே மளிகைக்கடை வாசலில் கூடிக் கேட்டது. நிலைய அதிகாரி கார்னியேவுக்கும் பெருமைதான். ஆனால் ஆறு மாதம் பாரீசில் இருந்து, மூக்கால் பேசக் கற்று வந்தவர். குதிகால் அவர் காதுக்கு ஆகவில்லை. "பாட்டு சரிம்மா. அந்தக் குதிரை லாயச் சத்தம் மட்டும் வேணாமே" என்று காலடியில் ஒரு தலையணையை வைத்தார். அன்று அவள் பாட்டின் இரண்டாம் அடியிலேயே நின்றுபோனாள். நாக்கும் சுழலவில்லை. மிச்ச நேரம் நான் தனியாகப் பிடிலை அறுத்தேன்.

"இன்னொரு தடவை இப்படின்னா, சனிக்கிழமை நேரத்தை வேற அம்மாவுக்குக் குடுத்துடுவேன்" என்றார். தெல்வீனாவுக்கோ, ஆலை மூடியதால் வீட்டில் கிடக்கும் புருஷன், நாலு பிள்ளைகள். அந்தப் பாட்டில்தான் அடுப்பு எரிகிறது.

போன சனிக்கிழமை. ஒலிபரப்பு தொடங்கிச் சிவப்பு விளக்கு எரிந்துவிட்டால் பாடுகிறவரைத் தவிர யாரும் வாய் திறக்கக் கூடாது. கார்னியே போட்ட சட்டம்தான். விளக்கு எரிந்தது. தெல்வீனா தலையணையை ஒதுக்கிவிட்டுப் பலகையில் ஓர் உதை விட்டாள். அதிகாரி பதறித் தவழ்ந்து வந்து, தலையணையை அவள் இடக்காலுக்கு அடியில் திணித்தார். அவள் வலக்காலுக்கு மாறினாள். அதை உருவி அங்கேயும் திணித்தார். திட்டவும் வழியில்லாமல் மனிதருக்கு மூச்சு வாங்கியது.

இரண்டாம் அடி வந்தது. தெல்வீனா பாட்டை விடவில்லை. குனிந்து, அவர் கையிலிருந்த தலையணையை மரியாதையாக வாங்கிக்கொண்டாள். நன்றி சொல்வதுபோல் தலையசைத்தாள். அதைத் தன் நாற்காலியில் போட்டு, மேலே சௌகரியமாக உட்கார்ந்து, இரண்டு குதிகாலையும் பலகையில் இறக்கினாள்.