பதினொரு சென்டும் பிரியாணித் தேக்சாவும்

எங்கள் பத்தமடையில் ஷரீபா பீவியின் பிரியாணி இல்லாமல் நடந்த கல்யாணங்கள் குறைவு. முக்கூடலிலிருந்துகூட வந்து கூப்பிடுவார்கள். ஆனால் சொந்தமாக அடுப்பு மூட்ட அவருக்கு ஓரிடம் கிடையாது. எந்த வாடகைக் கொல்லையில் விறகு அடுக்கினாலும், கொஞ்ச நாளில் பக்கத்து வீட்டார் புகை என்று சண்டைக்கு வந்துவிடுவார்கள். அப்படி ஒரு தடவை பிரியாணி ஆக்கும் பெரிய தேக்சாப் பாத்திரங்களைத் தெருவில் இறக்கி வைத்த அன்றுதான், வாய்க்கால் கரையில் கிடந்த பதினொரு சென்ட் மனையை வாங்குவதென்று முடிவு செய்தார்.

மனை, பக்கத்தில் அரிசி ஆலை வைத்திருந்த முகம்மது இப்ராஹிமுடையது. அவரை அண்ணன் முறை வைத்து ‘காக்கா’ என்றுதான் ஷரீபா பீவி கூப்பிடுவார். விலை பேசி, முன்பணம் கொடுத்து, ஒப்பந்தத்தைப் பதிவும் செய்தார்கள். கிரயத்துக்குக் குறித்த நாள் வருவதற்குள், அந்தப் பக்கம் புதுச் சாலை வரப்போகிறது என்று பேச்சு கிளம்பி விலை ஏறிவிட்டது. இப்ராஹிம் முன்பணத்தோடு வந்து நின்றார்.

“ஏளா ஷரீபா, இதப் பிடி. மேல கொஞ்சம் சேத்தே தாரேன்.”

“ரூவாயத் திருப்பிக் கேட்டனா காக்கா? மனையத்தான கேக்கேன்.”

“பொம்பள, நீ கோர்ட்டுக்கா போவப்போற?”

“பஸ் போவுதுல்லா. போவேன்.”

போனார். ஒப்பந்தப்படி கிரயம் எழுதித் தர உத்தரவிடச் சொல்லி வழக்குப் போட்டார். தேதிக்கு மேல் தேதி. முதல் நாள் கல்யாண வீட்டில் ஆக்கிவிட்டு, மறுநாள் புகை வாசம் போகாத புர்காவோடு கோர்ட் பெஞ்சில் உட்கார்ந்திருப்பார். விட்டுக்கொடுக்கும்படி ஜமாத்திலும் சொல்லிப் பார்த்தார்கள்.

“விட்டுக்குடுக்கதுன்னா ரெண்டு பேரும் குடுக்கணும். அவரு என்னத்த விட்டாரு?” என்றார்.

வாங்குகிறவர் மீதிப் பணத்தோடு தயாராக இருந்திருக்க வேண்டும். இல்லையென்றால் வழக்கு நிற்காது. இப்ராஹிமின் வக்கீல் அந்த இடத்தில்தான் கை வைத்தார்.

“சமையல் வேலை பாக்கிற உங்ககிட்ட அவ்வளவு பணம் ஏதும்மா?”

“உங்க வீட்டு விசேஷத்துக்கு ஆக்கினதுக்கு நீங்க குடுத்ததும் அதுலதான் சார் கிடக்கு.”

வங்கிக் கணக்கும் அதையே சொன்னது. தீர்ப்பு ஷரீபா பீவிக்குச் சாதகமாக வந்தது. மீதியைக் கோர்ட்டில் கட்டினார். கையெழுத்துப் போட இப்ராஹிம் வரவில்லை. அவருக்குப் பதிலாகக் கோர்ட்டே கிரயம் செய்து கொடுத்தது. அப்போதும் மனையைச் சுற்றி அவர் போட்ட வேலியும், கேட்டில் அவருடைய பூட்டும் அப்படியே இருந்தன.

பூட்டை உடைத்து மனையை ஒப்படைக்க, கோர்ட் அமீனா கார்த்திகேசன் வந்தார். பூட்டை உடைத்தாயிற்று. ஆனால் அவர் பழைய ஆள். கொட்டு அடித்து ஊரறியச் சொன்னால்தான் ஒப்படைத்ததாக எழுதுவார். முன்பு தண்டோரா போட்டுவந்த மாரிக்கண்ணுவின் வீட்டுக்குப் போனார்கள்.

“அந்த வேலைய எப்பவோ விட்டாச்சு சார். யாரு நிலம் யாருக்குப் போனாலும் எங்க தோள்லதான் கொட்டு தொங்கணுமா?”

“அவரு சொல்லுதது நியாயம்தான் சார்” என்று ஷரீபா பீவி திரும்பி நடந்தார்.

மைக் செட் கடை ரசீத் இப்ராஹிமின் மருமகன். ஆம்ப்ளிஃபயர் எரிந்துவிட்டது என்று கையை விரித்தார்.

வேலியோரம் நின்ற இப்ராஹிம் சிரித்தார். “கொட்டு இல்லன்னா கிளம்புங்க அமீனா சார். நாளைக்குத் தடை உத்தரவோட பாப்போம்.”

கார்த்திகேசன் கிளம்பத் திரும்பினார்.

“பைய போலாம் சார், இருங்க” என்று ஷரீபா பீவி நிறுத்தினார்.

அன்றைக்கே குடியேறிவிடும் நினைப்பில் ஷரீபா பீவி தன் பாத்திரங்களை லோடு ஆட்டோவில் ஏற்றி வந்திருந்தார். அதில் பெரிய தேக்சாவை இறக்கி, மனையின் நடுவில் கவிழ்த்தார். பிரியாணி கிளறும் இரும்புக் கரண்டியை இரண்டு கையாலும் பிடித்தார்.

“இது கொட்டு இல்லியேம்மா!”

“தேக்சான்னே எழுதிக்கிடுங்க. ஊருக்குக் கேக்கணும், அவ்வளவுதான?”

அடித்தார். வாய்க்காலில் குளித்துக்கொண்டிருந்தவர்கள் ஈரத்தோடு கரையேறினார்கள். ஆலைத் தொழிலாளிகள் வெளியே ஓடி வந்தார்கள். கூட்டம் சேர்ந்த பிறகு கார்த்திகேசனுக்கு வேறு வழியில்லை. உத்தரவை உரக்கப் படித்தார். அவர் முடித்ததும் ஷரீபா பீவி இன்னொரு தடவை அடித்தார். அது யாரும் சொல்லாமலே அடித்தது.

முறைப்படி அறிவிக்கவில்லை, ஒப்படைப்பு செல்லாது என்று இப்ராஹிம் மனுப் போட்டார். நீதிபதி அவரிடமே கேட்டார்: “அந்தச் சத்தம் உங்களுக்குக் கேட்டதா?”

“கேட்டதாவா ஐயா? ஆலைக்குள்ள நின்னவனுக்கெல்லாம் காது அடைச்சுப் போச்சு!”

அவருடைய வக்கீல் கண்ணை மூடிக்கொண்டார். மனு தள்ளுபடியானது.

இப்போது அந்த மனையில் தகரக் கொட்டகைக்குக் கீழே வரிசையாக அடுப்புகள். முதல் நாள் விறகு பற்றியதும் புகை நேராக ஆலைப் பக்கம் போனது. இப்ராஹிம் துண்டால் மூக்கைப் பொத்திக்கொண்டு வேலி இருந்த இடம்வரை வந்தார்.

“ஏளா, இந்தப் புகைக்கு நான் எங்க போக?”

ஷரீபா பீவி அடுப்பிலிருந்து தலையைத் தூக்கவில்லை.

“கோர்ட்டுக்குப் போங்க காக்கா. பஸ் போவுதுல்லா.”