நான்கு பன்றிகளை அடிக்காத சுலோசனா

ஐம்பத்தைந்து. இந்த எண்ணை மறக்காதீர்கள். கம்பெனி பஸ்ஸின் ஜன்னல் கண்ணாடியில் சுலோசனா இதைத்தான் விரலால் எழுதிக்கொண்டிருக்கிறாள். வெளியே ஆடி மாதத் தூறல்; உள்ளே வேலை முடித்துவரும் நாற்பது பேரின் மூச்சு. கண்ணாடி வியர்த்துக் கிடக்கிறது. எழுதுவாள், ஓர் ஊர் தாண்டுவதற்குள் எண் வழிந்து கரையும், உள்ளங்கையால் துடைத்துவிட்டு மறுபடி அதையே எழுதுவாள். பக்கத்து சீட்டு பாப்பாத்தி, ஹனூர்க்காரி, இதைப் பார்த்துப் பார்த்து அலுத்தவள்.

"ஏனுங்க்கா, அந்தக் கண்ணாடி என்ன பாவம் பண்ணுச்சு?"

"கண்ணாடி பண்ணல. தருண்குமார் பண்ணான்" என்பாள் சுலோசனா.

வயது நாற்பத்தாறு. மைசூர் வித்யாரண்யபுரத்தில் வீடு. நஞ்சன்கூடு பக்கம் கொசுவத்திச் சுருள் செய்யும் ஒரு ஃபேக்டரியில் பேக்கிங் வேலை. தலைமுடியில் எந்நேரமும் அந்த மருந்து வாசம். அவள் ஏறினால் பஸ்ஸிலிருந்து கொசுவெல்லாம் இறங்கிவிடும் என்பது டிரைவர் தொட்டையன் தினமும் சொல்லும் ஒரே ஜோக். போக முக்கால் மணி நேரம், வர முக்கால் மணி நேரம். மற்றவர்கள் தூங்குவார்கள், சீரியல் பார்ப்பார்கள், மாமியாரைப் பற்றிப் பேசுவார்கள். சுலோசனா கோடாலியால் அரக்கர்களை வெட்டுவாள்.

போனில் ஆடும் விளையாட்டு. கிரேமூர் என்று பெயர். ஊர் ஊராக இருக்கிற ஜனங்கள் ஒரே நேரத்தில் உள்ளே புகுந்து, கத்தி கேடயத்தோடு ஒரு மாய நாட்டில் சுற்றுவார்கள். லாக்டவுனில் ஃபேக்டரி பூட்டிக் கிடந்தபோது ஏதோ விளம்பரத்தின் மேல் விரல் பட்டு வந்து உட்கார்ந்தது, பிறகு போகவில்லை. அதில் அவளுடைய ஆள் இடுப்பு வரை தாடி வைத்த ஒரு கோடாலிக்காரன். பெயர் ஹுலி. கன்னடத்தில் புலி. மாதேஸ்வரன் மலையில் சாமி ஏறி உட்கார்ந்திருக்கிற புலியை நினைத்து வைத்த பெயர். "நம்ம வீட்ல ரெண்டு ஆம்பள. சோறு ஒருத்தனுக்குத்தான் கெடைக்குது" என்பார் கணவர் முரளிதரன். வயரிங் வேலைக்காரர், இரண்டாவது ஆம்பளை மேல் அவருக்குக் கொஞ்சம் பொறாமை உண்டு.

கணக்கில் கூட்டுவதும் பெருக்குவதும் தமிழில். ஆளைத் திட்டுவது கன்னடத்தில். இது அவள் வழக்கம். கணக்கு எழுத நோட்டு கிடையாது. அச்சு கோணலாக விழுந்து குப்பைக்குப் போகிற பெட்டி லேபிள்களைச் சேர்த்து, ரப்பர் பேண்ட் போட்டு, டிபன் பையில் வைத்திருக்கிறாள். ஒரு பக்கம் கொசு படம், மறுபக்கம் ஹுலியின் பலம், அடி, எண்கள்.

ஹுலி ஒரு குழுவில் இருக்கிறான். எட்டுப் பேர். தலைவன் தருண்குமார், ஏதோ சாஃப்ட்வேர் கம்பெனியில் டீம் லீடர். வயது இருபத்தொன்பது. இந்தக் குழுவுக்கு ஒரு வேதம் உண்டு. தருண்குமார் தயாரித்த ஷீட். எவ்வளவு பலம் இருந்தால் கோடாலியின் உச்ச அடி எவ்வளவு என்று வரிவரியாகப் போட்டிருக்கும். பச்சை, மஞ்சள், சிவப்பு என்று கலர் வேறு. எண்பத்தைந்து பலம் என்கிற வரியில், உச்ச அடி ஐம்பத்தாறு என்று பச்சையில் மின்னும்.

அந்த ஐம்பத்தாறு எதற்கு? கல்ராஜாவுக்கு. மலைக்குள் இருக்கும் பாறை அரக்கன். எட்டுப் பேரும் சேர்ந்து முப்பத்தைந்து நிமிஷம் அடித்தால் அவன் மண்டியிடுவான். அப்போது அவன் உயிரில் மிச்சம் சரியாக ஐம்பத்தாறு. அந்த நேரம் ஒரே ஒரு கோடாலிக்காரன், ஒரே ஒரு அடி. மற்ற நேரத்தில் அடி கூடக்குறைய விழும். மண்டியிட்டவன் மேல் விழுவது மட்டும் எப்போதும் உச்ச அடி. செத்தால் செத்தான். ஒன்று மிச்சம் இருந்தாலும் முழு உயிரோடு எழுந்து எட்டுப் பேரையும் நசுக்கிவிடுவான். குழுவில் கோடாலிக்காரர்கள் இரண்டே பேர், ஹுலியும் தருண்குமாரும். தலைவன் பின்னால் நின்று உத்தரவு போடுகிறவன் ஆயிற்றே. அடி ஹுலிக்கு வந்தது.

சனிக்கிழமை சாயங்காலம் ஐந்தரைக்கு ஆட்டம். சாஃப்ட்வேர்காரர்களுக்கு அன்று லீவு. சுலோசனா வேலை முடித்து பஸ்ஸில். முதல் சனிக்கிழமை கல்ராஜா மண்டியிட்டான். ஹுலி அடித்தான். அரக்கன் தலைக்கு மேல் ஐம்பத்தைந்து என்று எண் வந்தது. ஒன்று மிச்சம். எட்டுப் பேரும் நசுங்கினார்கள்.

பதினோரு சனிக்கிழமை. பதினோரு தடவையும் ஐம்பத்தைந்து.

இங்கேதான் வயிறு எரிகிறது. பதினோரு தடவை ஒரே எண் வந்தால், புத்தியுள்ளவன் எதைச் சந்தேகப்பட வேண்டும்? ஷீட்டை. தருண்குமார் எதைச் சந்தேகப்பட்டான்? கையை. முதலில் பஸ்ஸில் சிக்னல் போகிறது என்றான். பிறகு கஷாயம் என்றான். அடிப்பதற்கு முன் பலம் கூட்ட ஒரு கஷாயம் குடிக்க வேண்டும்; நேரம் ஆக ஆக அதன் வேகம் இறங்கும். "நீங்க லேட்டா குடிக்கிறீங்க அக்கா. ஒரு பாயிண்ட் எறங்கிடுது. ஷீட்ல ஃபிஃப்டி சிக்ஸ் இருக்கு, சும்னே கதை பேடா." சும்மா கதை விட வேண்டாமாம். குழுவில் பசவராஜ் என்று ஒரு வில்லாளி, வாய் சும்மா இருக்காதவன். அக்கா கஷாய பாட்டில் மூடியைத் திறப்பதற்குள் கல்ராஜாவுக்கு முட்டி வலி வந்துவிடுகிறது என்றான். ஏழு பேரும் சிரித்தார்கள். இயர்போன் ஒரு காதில்தான் இருந்தது. சிரிப்பு இரண்டு காதிலும் கேட்டது.

எட்டாத எண்ணை ஒருவன் ஏசி ரூமில் உட்கார்ந்து எழுதுவான். ஏன் எட்டவில்லை என்று நிற்கிறவளைக் கேட்பான். இது எந்த மாய நாட்டுக்கும் சொந்தமான விஷயம் அல்ல. சுலோசனா இதை ஏற்கெனவே ஒருமுறை பார்த்தவள். ஃபேக்டரியில் ஒவ்வொரு மணிக்கும் பெட்டி மேல் முத்திரை மாறும். மணி அடிக்கும்போது பாதி நிரம்பிய பெட்டி இருந்தால் அதைக் கவிழ்த்து, சுருள்களைத் திரும்ப டிரேயில் போட வேண்டும். ஆபீஸ் ஷீட்டில் மணிக்கு நாற்பத்தொன்றரை பெட்டி, எட்டு மணி நேரத்துக்கு முந்நூற்று முப்பத்திரண்டு என்று இருந்தது. வந்ததோ முந்நூற்று இருபத்தெட்டு. காணாமல் போன நாலு பெட்டிக்காகப் பெண்களை வரிசையாக நிறுத்தி, பாத்ரூமில் எத்தனை நிமிஷம் இருந்தாய் என்று கேட்டார்கள். சுலோசனா கவிழ்த்த டிரேயைத் தூக்கிக்கொண்டு போய் சூப்பர்வைசர் மேஜை மேல் வைத்தாள்.

"அரை பொட்டி பொட்டி இல்ல சார். மணிக்கு ஒரு அரை, எட்டு தடவ கவுக்கறோம். நீங்க அத ஷீட்ல பொட்டியா எண்றீங்க."

அடுத்த திங்கள் போர்டில் எண் மாறியிருந்தது. மன்னிப்பு ஒன்றும் வரவில்லை. அது வராது.

கல்ராஜா விஷயமும் அதுவே என்று அவளுக்கு ஆறாவது சனிக்கிழமை தட்டியது. லேபிளின் முதுகில் போட்டுப் பார்த்தாள். பலம் எண்பத்தைந்து. கஷாயம் நூற்றுக்குப் பதினைந்து கூட்டும், தொண்ணூற்றேழே முக்கால். விளையாட்டு அந்த முக்காலைக் கவிழ்த்துவிடுகிறது, தொண்ணூற்றேழு. பிறகு போர்க்கூச்சல், இன்னொரு நூற்றுக்குப் பதினைந்து; நூற்றுப் பதினொன்றும் சில்லறையும். சில்லறையைக் கவிழ்த்தால் நூற்றுப் பதினொன்று. அதில் பாதி கோடாலியின் அடி: ஐம்பத்தைந்தரை. அரையும் போயிற்று. ஐம்பத்தைந்து. தருண்குமாரோ முக்காலையும் சில்லறையையும் கடைசி வரை பத்திரமாகக் கட்டித் தூக்கிக்கொண்டு போய், முடிவில் ஒரே ஒரு தடவை கவிழ்க்கிறான். அவனுக்கு ஐம்பத்தாறு வருகிறது.

வேடிக்கை என்னவென்றால், மற்ற வரிகள் சரி. எண்பது, எண்பத்தொன்று, எண்பத்திரண்டு என்று எண்பத்தாறு வரை இரண்டு கணக்கும் ஒன்றாகவே வருகின்றன. எண்பத்தைந்து ஒன்றுதான் இடிக்கிறது. அந்த ஒரே வரியை நம்பித்தான், எண்பத்தைந்து போதும் என்று தருண்குமார் எல்லோரையும் அங்கே நிறுத்திவைத்திருந்தான். அவனும் அங்கேயே நின்றான்.

சுலோசனா சும்மா வாயால் சொல்லவில்லை. விளையாட்டில் பயிற்சி மைதானம் உண்டு. வைக்கோல் பொம்மையை அடிக்கலாம். நானூறு அடி அடித்தாள், ஒரு வாரப் பயணம். அதில் பெரியது ஐம்பத்தைந்து. லேபிளைப் போட்டோ எடுத்துக் குழுவில் போட்டாள். நானூறில் வரவில்லை என்றால் நானூற்றொன்றில் வராதா என்று தருண்குமார் பதில் போட்டான். பசவராஜ் கொசு படத்துக்கு ஒரு சிரிப்புப் பொம்மை போட்டான். கணக்கை ஒருவனும் பார்க்கவில்லை. எண்பத்தைந்துக்கு ஏறின அன்றைக்கே தன் அடி ஒரு பாயிண்டும் ஏறவில்லை, எண்பத்து நாலிலும் இதே ஐம்பத்தைந்துதான் என்று அவள் சொன்னதும் கேட்பாரில்லாமல் நின்றது.

இப்போது பன்றிகள். ஹுலியின் பலம் எண்பத்தாறு ஆனால் அடி ஐம்பத்தாறு ஆகிவிடும். அவள் கணக்கிலும் ஆகிவிடும், அவன் கணக்கிலும் ஆகிவிடும். எண்பத்தாறுக்கு இன்னும் நான்கே காட்டுப்பன்றிகள் பாக்கி. நான்கைக் கொன்றால் போதும், ஐந்து நிமிஷ வேலை. பாப்பாத்திக்கே இது தெரியும். "அந்த நாலையும் தட்டிப் போட்டுட்டுப் போங்க்கா, எதுக்கு வம்பு?" என்று கேட்டாள்.

"போட்டா கல்ராஜா சாவான் பாப்பாத்தி. ஷீட்டு சரி, அக்காதான் இத்தன நாளா லேட்டு, இப்ப திருந்திட்டாங்கன்னு ஆயிடும். நான் லேட்டில்ல."

அதனால் ஐந்து வாரமாக ஹுலி பன்றியைக் கண்டால் சுற்றிக்கொண்டு போகிறான். கரடியையும் தொடுவதில்லை. வழியில் ஓநாய் வந்து கடித்தால்கூட, திருப்பி அடித்தால் பலம் ஏறிவிடும் என்று, கடியை வாங்கிக்கொண்டு ஓடுகிறான். கல்ராஜாவை அடிப்பதில் ஏறாதா என்றால், அவன் செத்தால்தான் ஏறும். சாகவில்லையே. அந்தத் தாடிக்காரன் முயலுக்குப் பயந்தவன்போல் காடெல்லாம் ஒதுங்கி ஒதுங்கி நடப்பதைப் பார்த்து வேறு குழுக்காரர்கள் சிரிக்கிறார்கள். சிரிக்கட்டும்.

போன வாரம் தருண்குமார் தீர்ப்பு சொன்னான். இந்தச் சனிக்கிழமை அவனே அடித்துக் காட்டுவான். அதே கோடாலி, அதே எண்பத்தைந்து, ஷீட்டில் உள்ளபடி நேரத்துக்குக் கஷாயம்.

"ஃபிஃப்டி சிக்ஸ் விழுந்ததுன்னா, லேட்டு என் தப்புன்னு க்ரூப்ல எழுதிட்டு நீங்களே வெளிய போயிடணும் அக்கா. சரிதானே?"

"விழலன்னா?"

"விழும்."

"விழலன்னா, என்னய வெச்சுக்கறதும் வெரட்டறதும் உன் இஷ்டம்ப்பா. எண்பத்தஞ்சு வரிய மட்டும் மாத்து. எனக்கு அப்புறம் வர்றவளும் இதே பேச்சக் கேக்கக் கூடாது."

கவனித்தீர்களா? தோற்றால் அவள் போக வேண்டும். தோற்றால் அவனுக்கு ஒன்றும் இல்லை. பந்தயம் என்று இதற்குப் பெயர் வைத்தார்கள். சுலோசனா ஒப்புக்கொண்டாள்.

இன்று அந்தச் சனிக்கிழமை. ஹுலிக்கு இன்று கேடயம் பிடிக்கும் வேலை. பஸ் கிளம்பியதிலிருந்து முன்வரிசையில் நின்று மற்ற ஏழு பேருக்கும் விழ வேண்டிய அடியை வாங்கினான். சுலோசனாவின் கட்டைவிரல்கள் ஓடிக்கொண்டிருந்தன. கடகோளா தாண்டியது. முப்பத்தைந்து நிமிஷம் முடிந்து கல்ராஜா மண்டியிட்டான். தூங்கிக்கொண்டிருந்த பாப்பாத்தி, முழங்கை இடித்ததில் எழுந்தாள்.

இயர்போனில் தருண்குமார் மூன்று, இரண்டு, ஒன்று என்று எண்ணினான். கஷாயத்தைக் குடித்தான். ஒரு நொடிகூடத் தாமதம் இல்லை, சுலோசனாவே தலையாட்டினாள். கூச்சல் போட்டான். "நோட்ரி எல்லாரும், நல்லாப் பாருங்க" என்றான்.

சுலோசனா போனைப் பார்க்கவில்லை. ஜன்னல் பக்கம் திரும்பி, கண்ணாடியை உள்ளங்கையால் நன்றாகத் துடைத்து, ஊதி, விரலால் எழுதினாள். எழுதிவிட்டுப் போனைப் பாப்பாத்தி பக்கம் திருப்பிப் பிடித்தாள். கோடாலி இறங்கியது.

பாப்பாத்தி போனில் தெரிந்த எண்ணைப் பார்த்தாள். கண்ணாடியைப் பார்த்தாள்.

ஐம்பத்தைந்து.